சங்கிலி, காணி, ஆதிக்குடி: செங்கல்பட்டு வட்டாரத்தில் நில அளவையும் இன அடையாளமும்

ஆய்வுச் சுருக்கம்

தென்னிந்தியாவின் நில அளவை, மிராசு உரிமை, திராவிட மொழிக்குடும்பக் கருத்து, ஆதிக்குடி அடையாளம் ஆகியவை தனித்தனித் துறைகளின் பொருளாக ஆராயப்பட்டு வருகின்றன. இவை நான்கும் பெருமளவு ஒரே வட்டாரத்தில், ஏறத்தாழ ஒரே அலுவலர் வட்டத்தின் கைகளில் உருவாயின. அவ்வட்டாரம் பழைய செங்கல்பட்டு ஜாகீரும் அதை ஒட்டிய மாமல்லபுரக் கடற்கரையும் ஆகும். மாத்யூ எட்னி, யூஜின் இர்ஷிக், தாமஸ் டிரவுட்மன், ரூபா விஸ்வநாத் ஆகியோரின் நூல்களை ஒருங்கே வைத்துப் படித்து, வரைபடம் வகுத்த அலகுகளே பின்னர் இனத்திற்கும் மொழிவழித் தேசத்திற்கும் அளவுகோலாயின என்பதை இக்கட்டுரை காட்ட முயல்கிறது.

திறவுச் சொற்கள்: ஜாகீர், காணியாட்சி, மிராசு, முக்கோண அளவை, ஆதி திராவிடர், பஞ்சமி நிலம், வடக்கெல்லை, மாமல்லபுரம்.

முன்னுரை

ஒரு தேசத்தின் வடிவம் அதன் வரைபடத்தில் தெரிகிறது என்பர். வரைபடத்திற்கும் தேசத்திற்கும் உள்ள உறவைப் பேசும் ஆய்வுகள் பெரும்பாலும் எல்லைக்கோட்டையே நோக்குகின்றன. உள்ளே கிடக்கும் கிராம எண், நத்தம், புறம்போக்கு, சேரி ஆகியவை வருவாய்த்துறையின் சிறு செய்திகளாக ஒதுக்கப்படுகின்றன. செங்கல்பட்டைப் பொறுத்தவரை இந்தப் பார்வை போதாது. இங்கே இனம் பற்றிய வாதங்கள் எல்லைக்கோட்டில் எழவில்லை; காணி யாருடையது, சேரி மனை யாருடையது என்ற கேள்விகளிலிருந்தே எழுந்தன.

ஆர்க்காட்டு நவாபு முகமது அலி 1763இல் கும்பினிக்கு அளித்த ஜாகீரே பின்னர் செங்கல்பட்டு மாவட்டமாயிற்று. அது தொண்டைமண்டலத்தின் ஒரு பகுதி. இருபத்துநான்கு கோட்டங்களும் எழுபத்தொன்பது நாடுகளும் கொண்டதாக மரபு சொல்லும் அந்த மண்டலத்தின் பெயர் ஐரோப்பியக் கடல் வரைபடங்களில் இல்லை. சோழமண்டலம் என்பதன் திரிபான 'கோரமண்டல்' என்ற பெயரே தொண்டைமண்டலக் கரைக்கும் சேர்த்து இடப்பட்டது. கப்பலிலிருந்து பார்ப்பவருக்குக் கரை ஒன்றே. நாடுகள் வேறு என்பது தெரிய வேண்டிய தேவை அவருக்கு இல்லை. கும்பினி நிலத்தில் வரி தண்டத் தொடங்கிய பிறகே அந்தத் தேவை வந்தது.

பார்னார்டின் கணக்கும் அதன் வாசகர்களும்

பொறியாளர் தாமஸ் பார்னார்டு 1767 முதல் 1774 வரை ஜாகீரை அளந்தார். இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஊர்களின் நிலப்பரப்பு, ஏரி, தோப்பு, மானியம், சாதிவாரியான வீடுகள், விளைச்சலில் ஒவ்வொருவருக்கும் உரிய பங்கு ஆகியவை பதிவாயின. அளவை நடந்த ஆண்டுகளில் நிலம் நவாபுக்கே குத்தகைக்கு விடப்பட்டிருந்தது. 1780இல்தான் கும்பினி நேரடி நிர்வாகத்தை எடுத்துக்கொண்டது. ஆளுவதற்கு முன்பே அறிந்து வைத்தனர் என்று சொல்லலாம். அந்த அறிவு ஊர்க் கணக்கர்களின் ஓலைகளிலிருந்து வந்தது என்பதே முதன்மையான செய்தி.

இந்த ஆவணங்களை இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தரம்பாலும், அவர் வழியில் சென்னையிலுள்ள கொள்கை ஆய்வு மையத்தினரும் மீட்டெடுத்தனர். திருப்போரூர், வடக்குப்பட்டு ஆகிய ஊர்களின் ஓலைக் கணக்குகள் நூலாகவும் வெளிவந்துள்ளன. இம்முயற்சிக்குத் தமிழாய்வு நன்றிக்கடன் பட்டுள்ளது. ஆனால் அதிலிருந்து அவர்கள் எழுப்பிய சித்திரத்தை அப்படியே ஏற்க இயலவில்லை. எல்லோருக்கும் பங்கு அளித்துத் தன்னைத்தானே ஆண்டுகொண்ட ஊர், அத்தகைய ஊர்களால் ஆன பாரதம் என்பது அவர்களின் முடிவு. கணக்கில் வெட்டியானுக்கும் தலையாரிக்கும் பங்கு உண்டு என்பது உண்மை. பங்கு பெறுவதும் காணி உடைமையும் ஒன்றல்ல. பங்கைப் பட்டியலிட்ட ஓலையை எழுதியவர் காணியாளரின் கணக்கர். அந்தப் பட்டியலைச் சமூக ஒப்பந்தமாக வாசிப்பது, கொடுப்பவரின் கணக்குப் புத்தகத்தைப் பெறுபவரின் வாக்குமூலமாகக் கொள்வதற்கு ஒப்பாகும்.

1794 முதல் 1798 வரை ஜாகீரின் கலெக்டராக இருந்த லயனல் பிளேஸ் இதே கணக்குகளின் மேல் நின்று மிராசுதாரர்களோடு மோதினார்; பேரமும் பேசினார். இர்ஷிக் 1994இல் வெளியிட்ட நூல் இந்த நிகழ்வுகளிலிருந்தே தன் கோட்பாட்டை உருவாக்குகிறது. காலனிய அறிவு மேலிருந்து திணிக்கப்பட்டதன்று. உள்ளூராரும் அலுவலரும் உரையாடி உருவாக்கியது என்பது அவர் வாதம். எட்வர்டு செய்த் வழியிலான எளிய வாசிப்புகளுக்கு இது தேவையான மறுப்பாக அமைந்தது. எனினும் 'உரையாடல்' என்ற சொல் யார் யாருடன் பேசினர் என்பதை மறைத்துவிடுகிறது. பிளேசின் முன் விண்ணப்பத்தோடு நின்றவர் மிராசுதாரர். வயலில் நின்றவர் பண்ணையாள். உரையாடலின் விளைவான ஆவணத்தில் பண்ணையாள் மூன்றாம் மனிதராகவே இடம்பெறுகிறார். இர்ஷிக்கின் நூலை மறுப்பதைவிட அதன் கதைமாந்தர் பட்டியலை எண்ணிப் பார்ப்பதே பயனுள்ள திறனாய்வு.

சங்கிலி பிடித்தவர்கள்

1802 ஏப்ரல் 10ஆம் நாள் வில்லியம் லாம்டன் பரங்கிமலை அருகே தம் அடிக்கோட்டை அளக்கத் தொடங்கினார். நூறடி எஃகுச் சங்கிலியால் ஏழரை மைல் நீளமுள்ள நேர்க்கோடு அளக்கப்பட்டது. பின்னாளில் இமயம் வரை நீண்ட முக்கோண அளவையின் முதல் அடி அதுவே. எட்னி 1997இல் எழுதிய நூல் இந்த அளவை பிரித்தானியர் கற்பனையில் 'இந்தியா' என்ற ஒற்றை வெளியை எவ்வாறு உண்டாக்கியது என்பதை விரிவாகக் காட்டுகிறது. முக்கோணத்திற்குள் விழும் ஒவ்வோர் இடமும் பிற இடங்களோடு ஒரே சட்டகத்தில் பிணைக்கப்படுகிறது. தொண்டைமண்டலத்தின் கோட்டங்களும் நாடுகளும் ஏரி, கோயில், குடி ஆகியவற்றால் அடையாளம் பெற்றவை. முக்கோணத்திற்கு அவை தேவையில்லை. உயரமான ஒரு புள்ளி போதும். கோபுரமும் குன்றும் வழிபாட்டிடமாக அன்றிக் கோணம் பார்க்கும் இடமாகவே வரைபடத்தில் நுழைந்தன.

எட்னி தொட்டுச் செல்லும் மற்றொரு செய்தி இக்கட்டுரைக்கு அதைவிட முதன்மையானது. 1794இல் சென்னையில் தொடங்கப்பட்ட அளவைப் பள்ளி எட்டு மாணவர்களோடு தொடங்கியது. அவர்கள் ஆண்கள் அநாதை விடுதியிலிருந்து வந்த சிறுவர்கள். ஐரோப்பியப் படைவீரர்களுக்கும் இந்தியப் பெண்களுக்கும் பிறந்த பிள்ளைகள் அவ்விடுதியில் நிறைந்திருந்தனர். மூன்று ஆண்டுகளுக்கு முன்னர்தான், 1791இல், பெற்றோரில் ஒருவர் இந்தியராயின் அவரைத் தன் உயர்பணிகளில் சேர்ப்பதில்லை எனக் கும்பினி முடிவு செய்திருந்தது. ஆகவே இச்சிறுவர்களுக்கு வாளும் கிடையாது, கலெக்டர் நாற்காலியும் கிடையாது. குறைந்த சம்பளத்தில் வெயிலில் நடந்து அளக்கும் வேலை கிடைத்தது. லாம்டனின் உதவியாளர் ஜோஷுவா டி பென்னிங் இப்பள்ளியில் பயின்றவர். இந்தியாவை ஒற்றை வெளியாக வரைந்த கைகளில் கணிசமானவை, எந்த இனத்தின் பட்டியலிலும் முழுமையாகச் சேர்க்கப்படாதவர்களின் கைகள். வரைபடத்தின் அடியில் அவர்கள் பெயர் பெரும்பாலும் அச்சாகவில்லை. அளவைத் துறையின் வரலாற்றுப் பதிவுகளைத் தொகுத்த பிலிமோரின் வாழ்க்கைக் குறிப்புகளில்தான் அவர்களைத் தேட வேண்டியிருக்கிறது.

அப்பள்ளியின் பொறுப்பிலும் சென்னை வானாய்வகத்தின் பொறுப்பிலும் இருந்த ஜான் கோல்டிங்காம் மாமல்லபுரச் சிற்பங்களைப் பற்றி 1798இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். சென்னையின் தீர்க்கரேகையைக் கணித்தவரே 'ஏழு கோயில்கள்' என மாலுமிகள் அழைத்த கரையையும் விவரித்தார். லாம்டன் தம் கோட்டை அளந்ததற்கு மறு ஆண்டு, காலின் மெக்கன்சியின் உதவியாளர் காவலி லட்சுமையா அதே கரையைத் தெலுங்கில் விவரித்து எழுதினார். இவை 1869இல் கார் தொகுத்த நூலில் ஒன்றாக அச்சாயின. தமிழ்க் கரையின் முதல் விரிவான நவீன விவரிப்புகள் ஆங்கிலத்திலும் தெலுங்கிலும் எழுதப்பட்டன என்பதைக் குறையாகக் காண வேண்டியதில்லை. மொழிவழி நிலம் என்ற எண்ணம் அன்றைய அளவையாளர்க்குத் தோன்றவில்லை என்பதற்கு அது சான்று.

எல்லிஸ்: ஒரே மேசையில் இரண்டு வம்சாவளிகள்

அந்த எண்ணத்திற்கு விதை 1816இல் விழுந்தது. சென்னைக் கலெக்டர் பிரான்சிஸ் வைட் எல்லிஸ், காம்பெல்லின் தெலுங்கு இலக்கணத்திற்கு எழுதிய முன்குறிப்பில், தெலுங்கும் தமிழும் கன்னடமும் சமஸ்கிருதத்திலிருந்து பிறவாத தனிக்குடும்பம் என்று நிறுவினார். டிரவுட்மன் இதனை 'திராவிடச் சான்று' எனப் பெயரிட்டு அதன் அறிவுவரலாற்றை விளக்கியுள்ளார். கால்டுவெல்லின் 1856ஆம் ஆண்டு ஒப்பிலக்கணத்திற்கு நாற்பது ஆண்டுகள் முற்பட்டது இச்சான்று. புனித ஜார்ஜ் கோட்டைக் கல்லூரியின் தமிழ், தெலுங்குப் புலவர்கள் இல்லையேல் அது இயலாது என்பதையும் டிரவுட்மன் தெளிவுறுத்துகிறார்.

அதே காலத்தில் எல்லிஸ் மற்றொரு ஆவணத்தையும் எழுதிக்கொண்டிருந்தார். மிராசு உரிமை குறித்து அரசு கேட்ட பதினேழு கேள்விகளுக்கு அவர் அளித்த விடைகள் 1818இல் அச்சாயின. சங்கரையா என்னும் அலுவலர் அதற்குப் பெரும் துணை. குறும்பர் வாழ்ந்த காட்டை ஆதொண்டைச் சோழன் வென்று வேளாளரைக் குடியேற்றினான், அவர்கள் வழிவந்தோரே காணியாளர் என்ற மரபுக்கதை அதில் உரிமைச் சான்றாக மாறுகிறது. (காணியாட்சி என்ற தமிழ்ச்சொல் இருக்க, மண்ணின் மிகப் பழைய உரிமைக்கு 'மிராசு' என்ற அரபுச் சொல்லே அதிகாரப் பெயராயிற்று. இது பற்றி அன்று எவரும் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.)

டிரவுட்மன் மிராசு ஆய்வையும் குறிப்பிடுகிறார். ஆனால் அவர் நூலின் எடை மொழியின் மேல் உள்ளது. இர்ஷிக்கின் எடை நிலத்தின் மேல். இரண்டையும் சேர்த்து வைத்தால் தெரிவது இதுவே: ஒரே அறிஞர், ஏறத்தாழ ஒரே ஆண்டில், ஒரே முறையில் இரண்டு வம்சாவளிகளை எழுதினார். ஒன்று மொழிகளுக்கு; மற்றொன்று நில உரிமைக்கு. இரண்டிலும் 'முதலில் இருந்தது எது?' என்பதே கேள்வி. மொழியில் முதன்மை தேடியவர் சமஸ்கிருதத்திற்கு முந்தியதைக் கண்டார். நிலத்தில் முதன்மை தேடியவர் வேளாளருக்கு முந்திய குறும்பரைக் கண்டும், உரிமையைக் குடியேறியவர்க்கே வழங்கினார். இந்த முரண் எல்லிசின் குறை அன்று. முதன்மை என்பது யாருக்குப் பயன்படுகிறதோ அங்கே மட்டும் எண்ணப்படும் என்பதை அவர் ஆவணங்கள் அடுத்தடுத்து வைத்துக் காட்டிவிடுகின்றன.

ஆதி என்ற சொல்லின் வழக்கு

அந்த முதன்மை வாதத்தை மிராசு அமைப்புக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்களே பின்னர் கையில் எடுத்தனர். பறையர் திராவிடரா என்ற கேள்வியைக் கால்டுவெல் தம் ஒப்பிலக்கணத்தின் பின்னிணைப்பில் ஆராய்ந்து, அவர்கள் திராவிடரே என்றார். 1891இல் செங்கல்பட்டுக் கலெக்டர் பொறுப்பிலிருந்த டிரெமென்ஹீர் பறையர் நிலை குறித்து அரசுக்கு அறிக்கை அளித்தார். தரிசு நிலத்திற்குத் தர்காஸ்து கொடுத்தாலும் மிராசுதாரருக்கே முன்னுரிமை. குடியிருக்கும் சேரி மனையும் மிராசுதாரருடையது என்ற நிலையை அது வெளிக்கொணர்ந்தது. தொடர்ந்து 1892இல் பிறந்த அரசாணையின் வழியே 'பஞ்சமி நிலம்' என நாம் அறியும் ஒதுக்கீடு உருவாயிற்று.

ரூபா விஸ்வநாத் 2014இல் வெளியிட்ட நூல் இந்நிகழ்வை நுணுக்கமாக ஆய்ந்து, அரசும் நிலவுடைமைச் சாதியரும் கூட்டாளிகளாகவே இயங்கினர் என்று நிறுவுகிறது. இர்ஷிக் 'உரையாடல்' என்றதை இவர் 'கூட்டு' என்கிறார். எனக்கு இரண்டாவது சொல்லே ஆவணங்களுக்கு நெருக்கமாகப் படுகிறது. ஆனால் விஸ்வநாத்தின் நூல் பெரும்பாலும் அரசு, மிஷனரி ஆவணங்களின் மேல் நிற்பதால், ஒடுக்கப்பட்டோரே தங்களுக்கு எந்தப் பெயரைச் சூட்டிக்கொள்வது என்று நடத்திய விவாதம் அதில் பின்னணிக்குப் போய்விடுகிறது.

அவ்விவாதத்தின் இரு முனைகளும் செங்கல்பட்டு மண்ணுக்குரியவை. செங்கல்பட்டு மாவட்டத்தில் 1859இல் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் 1893இல் தம் இதழுக்குப் 'பறையன்' என்றே பெயரிட்டார். இழிவாக்கப்பட்ட பெயரை மறைக்காமல் அதன்மேல் உரிமை கொண்டாடுவது அவர் நிலை. அயோத்திதாசர் 'பூர்வத் தமிழர்' என்றும் 'சாதிபேதமற்ற திராவிடர்' என்றும் எழுதினார். பெயரே வரலாற்றுத் திரிபு என்பது அவர் வாதம். பரங்கிமலையில் 1883இல் பிறந்த எம்.சி. ராஜா, சென்னைச் சட்டமன்றத்தில் 1922இல் 'ஆதி திராவிடர்' என்ற பெயரை அதிகாரப் பெயராக்கும் தீர்மானத்தை முன்னின்று நிறைவேற்றினார். லாம்டன் சங்கிலியை விரித்த ஊரும் ராஜா பிறந்த ஊரும் ஒன்றே என்பது தற்செயல். பெயர் மாற்றம் கணக்கெடுப்பு, பள்ளி, நிலப் பதிவேடு ஆகியவற்றின் கட்டங்களை நோக்கியே செய்யப்பட்டது என்பது தற்செயல் அன்று. 'ஆதி' என்ற முன்னொட்டு இனத்தின் பழமையைச் சொல்வதற்கு மேலாக, எல்லிசின் கேள்விக்கு வேறொரு விடையைப் பதிவேட்டில் எழுதுவதாகும்.

ராபர்ட் புரூஸ் ஃபூட் 1863 மே 30ஆம் நாள் அதே மாவட்டத்தின் பல்லாவரத்தில் பழங்கற்காலக் கருவியைக் கண்டெடுத்தார். இன்றும் மேடைகளில் அக்கருவி தமிழினத்தின் தொன்மைக்குச் சான்றாகக் காட்டப்படுகிறது. அதிரம்பாக்கத்தில் பின்னர் நடந்த ஆய்வுகள் இத்தகைய கருவிப் பண்பாடுகளைப் பல இலட்சம் ஆண்டுகள் பின்னே கொண்டு செல்கின்றன. அக்காலத்திற்கு எந்த இனப்பெயரும் மொழிப்பெயரும் பொருந்தா. இலெமூரியா வரைபடங்களைப் பற்றிச் சுமதி ராமசாமி எழுதியதைப் படித்தவர்க்கு இது விளக்க வேண்டியதில்லை.

இனத்தின் நாடும் மொழியின் எல்லையும்

1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாகாண மாநாடு சாதிப் பட்டங்களைத் துறக்கத் தீர்மானித்தது. அடையாளத்தைப் பதிவேட்டில் கூட்டுவதற்கு மாறாகக் கழித்துப் பார்த்த முயற்சி அது. பதினோர் ஆண்டுகள் கழித்து, 1940இல், அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்துக் காஞ்சிபுரத்தில் பெரியார் திராவிட நாட்டின் வரைபடத்தை வெளியிட்டார். அதன் பரப்பு ஏறத்தாழச் சென்னை மாகாணத்தின் பரப்பே. இனத்தின் பெயரால் கோரப்பட்ட நாடு வருவாய் நிர்வாகத்தின் எல்லையை அணிந்து நின்றது. இதை முரண்பாடு என்று எள்ளுவது எளிது. வேறு எந்தக் கோடு அப்போது வரையப்பட்டிருந்தது என்றும் கேட்க வேண்டும்.

மொழிவழி மாநிலங்கள் பிறந்த பின் அந்தக் கோடும் உடைந்தது. ம.பொ. சிவஞானத்தின் தமிழரசுக் கழகம் நடத்திய வடக்கெல்லைப் போராட்டமும் படாஸ்கரின் பரிந்துரையும் 1959ஆம் ஆண்டுச் சட்டமாயின. 1960 ஏப்ரல் 1 முதல் திருத்தணி சித்தூரிலிருந்து செங்கல்பட்டு மாவட்டத்திற்கு வந்தது. மாற்றாகச் சில ஊர்கள் ஆந்திரத்திற்குச் சென்றன. கிராமமே அலகு, மொழிப் பெரும்பான்மையும் நில இணைப்புமே அளவுகோல் என்பது படாஸ்கர் கொண்ட முறை. எல்லிஸ் உறவு கண்ட இரு மொழிகளை 144 ஆண்டுகள் கழித்து ஊர் ஊராகப் பிரித்தனர். பிரிக்கும் அலகு பார்னார்டு எண்ணிய அதே கிராமம். வீட்டில் தெலுங்கும் வயலில் தமிழும் பேசியவர்க்கும், ஊர்நத்தத்தில் இடமின்றி ஏரிக்கரையில் குடிசையிட்ட இருளர்க்கும் அந்த அலகில் தனிக் கட்டம் இல்லை. பெரும்பான்மை எண்ணப்பட்டபோது அவர்கள் எதிலோ ஒன்றில் சேர்க்கப்பட்டனர்.

வெற்றி பெற்ற போராட்டமாகவே வடக்கெல்லையைத் தமிழ்நூல்கள் எழுதுகின்றன. அவ்வாறு எழுத நியாயம் உண்டு. ஆனால் அதே மாவட்டத்தில் 1994இல், காரணை ஊரின் பஞ்சமி நிலத்தை மீட்கக் கோரிய போராட்டத்தில் துப்பாக்கிச் சூடு நடந்து இருவர் உயிரிழந்தனர். தாலுகாவை மீட்ட வரலாறும் ஏக்கரை மீட்க முயன்ற வரலாறும் ஒரே நூலில் இடம்பெறுவது அரிது. முன்னது தமிழரின் நிலம் எனவும் பின்னது தலித்துகளின் நிலம் எனவும் தனித்தனி அலமாரிகளுக்குப் போய்விடுகின்றன.

மாமல்லபுரத்தின் வட்டங்கள்

கடற்கரைக்குத் திரும்பினால், தேசம் என்ற சொல் மீட்டர் கணக்கில் அளக்கப்படுவதைக் காணலாம். மாமல்லபுரத்தின் பல்லவச் சின்னங்கள் தேசிய முக்கியத்துவம் வாய்ந்தவை எனக் காக்கப்படுகின்றன. 1984இல் உலக மரபுச் சின்னங்களாயின. 2010ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டப்படி, காக்கப்பட்ட சின்னத்தைச் சுற்றி 100 மீட்டர் தடை செய்யப்பட்ட பகுதி. அதற்கு அப்பால் 200 மீட்டர் கட்டுப்படுத்தப்பட்ட பகுதி. ஊருக்குள் சின்னங்கள் சிதறிக் கிடப்பதால் வட்டங்கள் ஒன்றன்மேல் ஒன்று படிகின்றன. அவற்றினுள் மீனவர் குப்பமும் சிற்பிகளின் பட்டறைகளும் கடைத்தெருவும் உள்ளன. சின்னத்தைக் காக்க வட்டம் வேண்டும் என்பதில் ஐயமில்லை. ஆனால் அந்த வட்டம் பாறையை மட்டுமே மையமாகக் கொள்கிறது. அருகில் உளி பிடித்திருப்பவர் மரபின் பகுதியாகச் சுற்றுலாத் துண்டறிக்கையில் இடம்பெறுகிறார். வரைபடத்தில் அவர் கட்டட விண்ணப்பதாரர் மட்டுமே.

கடலின் பக்கம் மற்றொரு கோடு. 2011ஆம் ஆண்டுக் கடற்கரை ஒழுங்குமுறை அறிவிக்கை, மீனவ ஊர்களையும் அவர்களின் பொது இடங்களையும் வரைபடத்தில் குறிக்க வேண்டும் என்றது. படகு நிறுத்தும் மணல், வலை உலர்த்தும் இடம், மீன் ஏலம் விடும் கரை ஆகியவை வரைவுகளில் விடுபடுகின்றன என்று மீனவ அமைப்புகள் தொடர்ந்து முறையிட்டு வருகின்றன. வருவாய்ப் பதிவேட்டில் அவை புறம்போக்கு என்றே கிடக்கின்றன. அதே மீனவர்கள் கடலில் பார்களைக் கண்டறிய, கரையிலுள்ள கோயிலையும் குன்றையும் கலங்கரை விளக்கையும் இரண்டிரண்டாக நேர்க்கோட்டில் வைத்துத் தங்கள் இடத்தைக் கணிக்கின்றனர். அடிப்படையில் இது லாம்டன் செய்ததே. ஒரு வேறுபாடு மட்டும் உண்டு. இங்கே கரை புள்ளியாகவும் கடல் இடமாகவும் இருக்கின்றன. இந்தப் பார்களின் பெயர்களைத் தொகுத்து, கரையோர நில அளவை எண்களோடு இணைத்துப் பதிப்பிக்கும் பணி செங்கல்பட்டுக் கரைக்கு இன்னும் முறையாகத் தொடங்கப்படவில்லை. 2019 நவம்பர் 29இல் உருவான புதிய செங்கல்பட்டு மாவட்டத்தின் எல்லைக்குள் மாமல்லபுரம் வருகிறது. கடலோரத் திட்ட வரைபடங்களின் அடுத்த திருத்தம் இந்த மாவட்டத்தின் பெயரிலேயே கருத்துக் கேட்புக்கு வரும்.